ஓடாத ஃபக்டரிகள் நாற்பது

வெள்ளவத்தை,
ஞாயிற்றுக்கிழமை.

அன்புள்ள தனுஷியாவுக்கு,

இந்த உப்புக் காற்றிலும் நானும் அப்பாவும் துருப்பிடிக்காமல் சுகமாக இருக்கிறோம், ஜேர்மனிக் குளிரில் நீயும் சுகமாயிருக்கப் பிள்ளையாரை வேண்டிக்கொண்டுதான் எழுத உட்கார்ந்தேன். வாட்ஸ்அப்பில் குரல் அனுப்பினால் நீ வேகமாக ஓடவிட்டுக் கேட்பாயாம், அதனால் கடிதம். உன்னைக் கேட்காமல் உனக்குச் சம்பந்தம் பேசிவிட்டேன். கோபிக்கிறதென்றால் முழுவதையும் வாசித்துவிட்டுக் கோபி.

மேல்மாடிச் சிவக்கொழுந்து அக்கா லிஃப்டுக்குள் வைத்து, மகள் அங்கே என்ன செய்கிறாள் என்று கேட்டார். பூட்டிக் கிடக்கிற பழைய ஃபக்டரிகளை எடுக்கிறாள் என்றேன், படம் என்ற சொல்லைச் சேர்ப்பதற்குள் கதவு திறந்துவிட்டது. அக்கா நேரே கொட்டாஞ்சேனையில் மகனுக்குப் பெண் தேடுகிற ஒரு வீட்டுக்குப் போய், நீ ஃபக்டரிகளை விலைக்கு எடுக்கிறாய் என்று சொல்லிவிட்டார். அடுத்த கிழமையே பையன் பிரணவனும் தாய் தகப்பனும் அப்பிள் பெட்டியோடு வந்துவிட்டார்கள். உன் படிப்பைக் கேள்விப்பட்டு வருகிறார்கள் என்று நினைத்து நானும் உளுந்து வடை சுட்டேன். எத்தனை எடுத்திருக்கிறா என்று தாய்க்காரி மெல்லக் கேட்டார். நாற்பதுக்கு மேலே இருக்கும் என்றேன், உண்மைதானே. அந்த மனுசி கடித்த வடையைத் தட்டில் வைத்துவிட்டு, எல்லாம் ஓடுதோ என்றார். அப்பா பேப்பரை மடித்துக்கொண்டே, "ஒண்டும் ஓடாது. ஓடினா அவ எடுக்க மாட்டா" என்றார். பிறகு, சந்தேகம் தீரட்டும் என்று உன் படங்களை டிவியில் போட்டார். கூரையில்லாத மண்டபம், துருப்பிடித்த கொதிகலன், புகைபோக்கிக்குள் முளைத்த மரம். தாய்க்காரிக்குக் கண் கலங்கிவிட்டது. "பாவம் பிள்ளை, ஆரோ நல்லா ஏமாத்திப் போட்டினம்" என்றார். எனக்கு வந்ததே கோபம். "என்ர பிள்ளையை ஒருத்தரும் ஏமாத்தேல்லை. அவ படம் எடுக்கிறவ. அதுதான் அவட தொழில்" என்றேன். இவ்வளவு சத்தமாக அதை நான் ஒருநாளும் சொன்னதில்லை. அப்பிள் பெட்டியை மறக்காமல் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள்.

அவர்கள் போன பிறகுதான் உன் படங்களை முதல் தடவையாக ஆறுதலாக இருந்து பார்த்தேன். அந்த மரத்தைப் பார்க்க அழுகை வந்துவிட்டது, ஏனென்று எனக்கே தெரியாது. பெருமையாக இருந்தது பிள்ளை. ஆனால் புகைபோக்கிக்கு மேலேயிருந்து அதை எடுக்க அவ்வளவு உயரத்தில் நீ எதன்மேல் ஏறி நின்றாய் என்பதை உடனே எழுது. இனித் தலைக்கவசம் இல்லாமல் ஒரு கூரைக்குக் கீழும் போகாதே, கூரை இல்லாத இடத்துக்கும்தான்.

நேற்று அந்தப் பையன் தனியாக வந்தான், வீட்டில் சொல்லவில்லையாம். மரத்தை இன்னொருக்கால் பார்க்கலாமா அன்ரி என்று கேட்டு, தேத்தண்ணி ஆறும்வரை டிவிக்கு முன்னால் இருந்து அதையே பார்த்தான். போகும்போது உன் நம்பரைக் கேட்டான். என் கை தானாக ஃபோனுக்குப் போனது, அப்பா சாட்சி. ஆனாலும், "மகளைக் கேட்டுச் சொல்லுறன் தம்பி" என்றுவிட்டேன். இதோ கேட்கிறேன், கொடுக்கட்டுமா? வேண்டாமென்றாலும் எனக்குச் சம்மதம்.

நோய் நொடியில்லாமல், கால் வழுக்காமல், பிள்ளையார் துணையோடு நன்றாயிரு. நேரத்துக்குச் சாப்பிடு.

உன் அன்பு அம்மா,
சுபோதினி

பி.கு.: பதிலுக்கு ஒன்றும் அவசரமில்லை. கடிதம் வந்து சேர நாளெடுக்கும் என்பதால், அப்பா இதைப் படம் எடுத்து இப்போதே அனுப்புகிறார்.