உன் சட்டைக் கையில் தைத்த நூல்

இன்று காலை மகளின் பிளவுஸைச் சுருக்கக் கொடுக்கலாமென்று வெள்ளவத்தையில் ஒரு தையல் கடைக்குப் போனேன். வாசலிலேயே மெஷின் எண்ணெய் வாடை வந்தது. பிளவுஸைக் கொடுக்காமலே திரும்பிவிட்டேன். மகள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருக்கிறாள். அவளுக்கு உன்னைப் பற்றி எங்கே தொடங்கிச் சொல்வது? உனக்கே எழுதிவிடலாம் என்று உட்கார்ந்துவிட்டேன்.

யுத்த காலத்தில், காலி வீதிக்குப் பக்கத்துச் சின்னத் தையல் கடையில் நாமிருவரும் எதிரெதிர் மெஷினில் இருந்தோம். நான் யாழ்ப்பாணத்திலிருந்து தம்பியோடு கொழும்புக்கு வந்து லொட்ஜில் தங்கியிருந்தேன். நீ ஹட்டன் பக்கத் தோட்டமொன்றிலிருந்து வந்து ஜிந்துப்பிட்டியில் ஓர் அறை எடுத்திருந்தாய். இருவருக்கும் ஒரே வயது. என்னை 'யாழ்ப்பாணத்தம்மா' என்று சீண்டுவாய், ஆனால் என் சொதியை முதலில் காலி பண்ணுவதும் நீதான்.

உன் வித்தையை நான் கண்டது ஒரு தேத்தண்ணிக் கோப்பையால். கல்யாணச் சேலை ஒன்றில் கை தவறிக் கொட்டிவிட்டு நான் அழத் தொடங்க, நீ என் பாவாடை விளிம்பில் நாலு தையலைப் பிரித்தாய். துணியின் மறுமுனையை என்னைப் பிடிக்கச் சொன்னாய். பிரித்த நூலை உன் பாவாடையில் தைத்துக்கொண்டாய். கடைசித் தையலோடு சேலை காய்ந்து கிடந்தது, கோப்பை நிரம்பியிருந்தது. பிரித்த நூலை உன் பாவாடையில் தைத்துக்கொண்டாய். சற்று நேரத்தில் தேத்தண்ணி உன் மடியில் கொட்டியது. நீ சிரித்தாய்.

"நடந்தது அழியாதுடீ, எடந்தான் மாறும். பிரிச்ச நூல எங்கயாச்சும் தெச்சாகணும். தெக்காட்டி அதுவே ஆளத் தேடிக்கும்" என்றாய். நடந்தபோது உடுத்தியிருந்த துணி வேண்டும், அதைத் துவைத்திருக்கக் கூடாது. பெரிய காரியங்களில் கை வைக்க உனக்குப் பயம் என்றும் அன்றே சொல்லிவிட்டாய்.

பிறகு தம்பியைப் பிடித்துக்கொண்டு போனார்கள். விடியப்புறம் இராணுவமும் பொலிஸும் லொட்ஜைச் சுற்றி வளைத்தார்கள். நல்ல சட்டை போட்டுப் போனால் மரியாதையாக நடத்துவார்கள் என்று எங்கள் ஆட்களுக்கு ஒரு நம்பிக்கை. அவனும் போட்டிருந்த நீலச் சட்டையைக் கழற்றிவிட்டு, வெள்ளைச் சட்டை மாற்றிக்கொண்டுதான் ஜீப்பில் ஏறினான். ஒன்பது நாள் நான் ஏறி இறங்காத வாசல் இல்லை. எல்லா இடத்திலும் ஒரே பதில்: "மெஹே நே." இங்கே இல்லை.

பத்தாம் நாள் மத்தியானம், முதலாளி சாப்பிடப் போன நேரம், நீலச் சட்டையை உன் முன்னால் வைத்தேன். நீ கதிரையைப் பின்னுக்கு இழுத்தாய்.

"வேணாம்டீ. இது தேத்தண்ணி இல்ல."

"என்ர தம்பியடி. எனக்கு வேற ஆர் இருக்கினம்?"

நீ சட்டையை என் பக்கம் தள்ளினாய், மறுபடி இழுத்துக்கொண்டாய். பிறகு கழுத்துப்பட்டியில் ஏழு தையல் பிரித்தாய். நான் சட்டையின் மறுமுனையைப் பிடித்திருந்தேன். நூலை விரலில் சுற்றிக்கொண்டு, "இத எங்க தெக்கிறது?" என்றாய்.

யாரோ தைக்கக் கொடுத்து, கம்பியில் கொழுவியிருந்த ஒரு சட்டையைக் காட்டினேன். "அந்த ஓடர் சட்டையில தையன்."

இந்த வாயால்தான் சொன்னேன். நீ என்னை நிமிர்ந்து பார்த்தாய்.

"அது யாருதுன்னு ஒனக்குத் தெரியுமா?"

"தெரியாது."

"அதான்" என்றாய். ஊசியில் நூலைக் கோத்து, உன் சட்டைக் கையில் குத்தினாய். "கொஞ்ச நாள் வச்சிட்டு விட்டுருவாங்க. பொம்பளைதானே."

ஏழு தையல். உன் கையைப் பிடித்து நிறுத்த எனக்கு நேரம் இருந்தது. நான் நிறுத்தவில்லை. எப்போது முடிப்பாய் என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

கடைசித் தையலோடு கடை வாசலில் தம்பி நின்றான், கையில் பேக்கரியிலிருந்து வாங்கிய சூடான பாண். அந்த ஒன்பது நாளும் உலகத்தில் இல்லாமல் போய்விட்டன. துணியைப் பிடித்திருந்த நம் இருவருக்கு மட்டும்தான் ஞாபகம். நான் அவனைக் கட்டிப்பிடித்து அழ, "அக்கா, உனக்கென்ன விசரே?" என்றான். நீ நூலைப் பல்லால் கடித்து அறுத்துவிட்டு, எங்களைப் பார்த்துச் சிரித்தாய்.

மறுநாள் காலை ஜிந்துப்பிட்டியைச் சுற்றி வளைத்தார்கள். உன் அடையாள அட்டையில் தோட்டத்து விலாசம். வீட்டுக்காரர் உன்னைப் பொலிஸில் பதிந்திருக்கவில்லை. உன்னை ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போக அவர்களுக்கு அது போதுமாக இருந்தது. நான் மறுபடி அதே வாசல்களில் ஏறி இறங்கினேன். அதே பதில்தான் கிடைத்தது.

உன் அம்மா தோட்டத்திலிருந்து வந்து நாலு நாள் என் அறையில் இருந்தார். போகும்போது என் கன்னத்தைத் தடவி, "தம்பி நல்லா இருக்காரா, புள்ள? கவனமா பாத்துக்கம்மா" என்றார். ஓம் என்றேன். அதற்கு மேல் எதையும் சொல்ல எனக்குத் துணிவில்லை. இன்று வரை யாருக்கும் சொல்லவில்லை.

தம்பி இப்போது கனடாவில். இரண்டு பிள்ளைகள். உன் பேச்சை எடுத்தால், "ஆர், உன்னோட தைச்ச அந்தப் பிள்ளையே? பாவம்" என்பான். அவ்வளவுதான் அவனுக்குத் தெரியும்.

நீ வந்து முன்னால் நின்று, மறுபடியும் நான் தைப்பதை அப்படித்தான் பார்த்துக்கொண்டிருப்பாயா என்று கேட்டால், இல்லை என்று சொல்லத்தான் ஆசை. ஆனால் ஞாயிறுதோறும் அவன் போன் எடுக்கிறான். "அக்கா" என்கிறான். மன்னித்துக்கொள். ஒவ்வொரு ஞாயிறும் எனக்குச் சந்தோஷமாக இருக்கிறது.