கையெழுத்து விழாத வாக்குமூலம்

அப்பா,

பல நாள் ஆலோசனைக்குப் பிறகு, உங்கள் இரும்புப் பெட்டியின் அடியில் கிடந்த கிளிசரின் சீசாவைக் குப்பை வண்டியில் போடுவது என்று இன்று காலை முடிவெடுத்தேன். தம்பியிடம் முறைப்படி தெரிவித்தேன். அவன் செய்தித்தாளிலிருந்து தலை தூக்கவில்லை. உங்கள் கருமாதிக்குப் பிறகு இந்த வீட்டில் எடுக்கப்பட்ட பெரிய முடிவு இதுதான்.

சீசாவில் கால்வாசி மிச்சமிருக்கிறது. மீதியை நான் ஆறு வயதிலிருந்து சினிமாவில் அழுது தீர்த்தேன். எந்தப் படமானாலும் பசித்த கூலிக்காரரின் மகள் வேடம். கலத்துக்கு அரைப்படி நெல் கூலி கூடுதலாகக் கேட்டதற்காக நீங்கள் களத்திலிருந்து விரட்டியவர்கள், நீடாமங்கலம் கொட்டகையில் எனக்காக மூக்கைச் சிந்தினார்கள். அதில் உங்களுக்கு உறுத்தல் எதுவுமில்லை. ஆட்சி மாறிய வாரமே துண்டின் கரையை மாற்றிக்கொண்டவர் நீங்கள். சின்ன விஷயங்களுக்குக் கலங்கமாட்டீர்கள்.

பள்ளிக்கூடம் போகிறேன் என்று நான் கேட்டபோதெல்லாம், "வசனம் காதுல விழுந்தா போதாதா, எழுத்து எதுக்கு?" என்பீர்கள். நீங்கள் படித்துச் சொல்ல, நான் ஒப்பித்தேன். எழுதத் தெரிந்தது ஒன்றே ஒன்று: ரசிகர்கள் நீட்டும் நோட்டில் போட நீங்கள் பழக்கிய கையெழுத்து. எந்தச் சுழி எந்த எழுத்து என்று தெரியாமல் கோலம்போலப் போடுவேன்.

பிறகு நில உச்சவரம்பு விசாரணை வந்தது. பெண்ணின் சொந்த நிலம் குடும்பக் கணக்கில் சேராது என்று யாரோ சொல்லிக்கொடுக்க, ஆற்றங்கரை வயல் முழுவதும் நான் நடித்துச் சம்பாதித்ததாயிற்று. தஞ்சாவூர் போகும் பஸ்ஸில் சட்டைப்பையிலிருந்த சீசாவைத் தட்டிக்காட்டினீர்கள். "ஏதாவது கேட்டா அழுதுடு. மத்தத நான் பாத்துக்கறேன்."

அதிகாரி என் படம் பார்த்தவர். நிலம் என்னுடையது என்ற வாக்குமூலத்தை அன்பாகவே நீட்டினார். "படிச்சுப் பாத்துட்டுக் கையெழுத்துப் போடும்மா."

"படிக்கவே வேணாங்க சார். ஊர் ஊரா போட்ட கைதான்" என்றீர்கள்.

எனக்குப் பதினொரு வயது. பேனாவை மேசைமேல் வைத்தேன். "எனக்குப் படிக்கத் தெரியாதுங்க சார். கத்துக்கிட்டு வந்து போடறேன்."

அன்று கிளிசரின் இல்லாமலே கண்ணீர் வந்தது, உங்களுக்கு.

"பொடிசுங்களோட உக்காந்து அவமானப்படு" என்று, தண்டனையாக என்னை ஒன்றாம் வகுப்பில் சேர்த்தீர்கள். நீங்கள் எனக்குச் செய்த ஒரே நன்மை கோபத்தில் செய்தது. கோபம் ஆறியதும் பட்டணத்திலிருந்து சினிமா கம்பெனி கார் வந்தது. சுவரொட்டியில் என் முகம் தனியாக வரும் என்றார்கள். கதையை எழுதித் தரச் சொன்னேன். எழுத்துக்கூட்டிப் படிக்க இரண்டு நாள் பிடித்தது. மறுபடியும் பசித்த மகள். "வேணாங்க. காலாண்டுப் பரீட்சை இருக்கு" என்றேன். கார் திரும்பிப் போனது. அதற்குப் பிறகு என்னை நீங்கள் பெயர் சொல்லி அழைக்கவில்லை. "நன்றி கெட்டது" என்றே கடைசிவரை குறிப்பிட்டீர்கள். ஆஸ்பத்திரியில் நர்ஸிடமும் அப்படித்தான் அறிமுகப்படுத்தினீர்கள்.

இன்றும் கேஸ் ரசீதைக்கூட முழுதாகப் படிக்காமல் நான் கையெழுத்துப் போடுவதில்லை. சிலிண்டர் கொண்டுவருபவர் வாசலில் நின்று முணுமுணுப்பார். போடுகிற சுழிகள் மட்டும் நீங்கள் பழக்கியவைதான். மாற்றிப் பார்த்தேன், வரவில்லை.

அந்த வாக்குமூலத்தில் கடைசிவரை கையெழுத்து விழவில்லை. உபரி என்று அரசு எடுத்துப் பிரித்துக் கொடுத்த ஆற்றங்கரை வயலில் இப்போது ஏழு குடும்பங்கள் குறுவை நடுகின்றன.