பாவுக்கு அடியில் உங்களைத் தூக்கிப்போன காலை

நடந்ததை நடந்தபடியே எழுதப்போகிறேன், தாத்தா. நான் பயந்ததையும் விடாமல் எழுதுவேன்.

இன்று காலை நம் தெருவில் மறுபடியும் தறிக்குப் பாவு நீட்டினார்கள். ஜன்னலைத் திறந்ததும் இழைக்குத் தடவிய கஞ்சி வாசனை. இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை தெரு நடுவே பட்டு இழைகள் விறைப்பாக நின்றன. காபி டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு குடிக்காமலே நின்றேன். அம்மா டம்ளரை வாங்கி வைத்தாள்.

உங்களைத் தூக்கிப்போன அன்றைக்கும் இதே வாசனைதான். உங்கள் கண்ணில் புரை வளர்ந்ததிலிருந்து, பள்ளிக்குக் கிளம்பும் முன் எதிர்வீட்டுக்கு வந்து உங்களுக்குப் பேப்பர் வாசிப்பேன். நாம் உறவில்லை. தாத்தா என்று கூப்பிட்டுக் கூப்பிட்டே உறவாகிப்போனீர்கள். தெருவுக்கு நீங்கள் ஏரோப்ளேன்காரர். எழுபத்தொன்றாம் வருடப் போரில், குண்டு வீசும் விமானத்தில் வழி சொல்லும் நேவிகேட்டர். அடிபட்ட பைலட்டோடு விமானத்தைத் திரும்பக் கொண்டுவந்ததற்காகப் பதக்கம் வாங்கியவர். எப்படிக் கொண்டுவந்தீர்கள் என்று எத்தனையோ முறை கேட்டுவிட்டேன். பள்ளிக் கையெழுத்து இதழில் எழுதப்போகிறேன் என்றும் கெஞ்சினேன்.

“ஓட்னது அவரு. நான் பக்கத்துல பேசிகினு வந்தேன், அவ்ளோதான் பாப்பா.”

என்ன பேசினீர்கள் என்று கேட்டால், அதையெல்லாம் எழுதினால் என் மிஸ் மார்க்கைக் குறைத்துவிடுவார் என்று சிரிப்பீர்கள்.

அன்று விளையாட்டுப் பக்கத்தை வாசித்துக்கொண்டிருந்தேன். நீங்கள் ஸ்கோர் கேட்கவில்லை. நிமிர்ந்து பார்த்தால் நாற்காலியில் ஒரு பக்கமாகச் சரிந்திருந்தீர்கள். சட்டையெல்லாம் வேர்வை. உதடு சாம்பல் நிறமாகியிருந்தது. பேப்பரைக் கையில் பிடித்தபடியே தெருவைக் கடந்து போய் அம்மாவைக் கூட்டிவந்தேன். அம்மாதான் ஆம்புலன்ஸுக்குப் போன் செய்தாள்.

வண்டி தெருமுனையிலேயே நின்றுவிட்டது. பாவு நீட்டியிருந்தால் கல்யாண வண்டிகூட நம் தெருவில் காத்திருக்கும். சுருட்டி எடுப்பதற்கும் நேரம் பிடிக்கும். உங்கள் வீட்டுப் பக்கம் சாக்கடைக்காகத் தோண்டிப் போட்டிருந்தார்கள். ஸ்ட்ரெச்சரை எங்கள் பக்கமாகத்தான் கொண்டுபோக முடியும். நடுவில் பாவு. ஒல்லியான நான் குனிந்து நுழைந்து வந்துவிட்டேன். ஸ்ட்ரெச்சர் எப்படி நுழையும்?

பாவுக்குச் சொந்தக்காரர் கத்தியை எடுத்துக்கொண்டு ஓடிவந்தார். அறுத்துவிடுகிறேன், தூக்கிவாருங்கள் என்றார். நீங்கள் படுத்தபடியே கையை ஆட்டினீர்கள்.

“அறுக்காதய்யா. தூக்கிப் புடி.”

தெருவே ஓடிவந்து பாவைத் தலைக்குமேல் உயர்த்தியது. அடியில் குனிந்தபடி உங்களைக் கொண்டுபோனார்கள். உங்கள் முகத்துக்கு மேல் அரக்குச் சிவப்பு இழைகள் நகர்ந்துகொண்டே இருந்தன. உங்கள் கை என் கைக்குள் ஈரமாக, ஐஸ் மாதிரி இருந்தது. அப்போதுதான் முதல்முறை கேட்டீர்கள்.

“புடிச்சிகினியா?”

பாவின் ஒரு கோடியில் நிற்பவர் மறுகோடியில் நிற்பவரைக் கேட்பது அது. ஒருவர் கை தளர்ந்தாலும் இழை முழுதும் தொய்ந்துவிடும். உங்களுக்கு நினைவு தப்பிவிட்டது, சின்ன வயதில் உங்கள் அப்பாவோடு பாவு பிடித்த நாளுக்குப் போய்விட்டீர்கள் என்றுதான் நினைத்தேன். அது இன்னும் பயமாக இருந்தது. “புடிச்சிகினேன்” என்றேன்.

அம்மாவும் நானும் கூட ஏறிய ஆம்புலன்ஸுக்குள்ளும் கேட்டீர்கள். நான் சொன்னேன். மறுபடி கேட்டீர்கள். ஒவ்வொரு முறையும் குரல் இன்னும் சின்னதாகியது. பஸ் ஸ்டாண்டைத் தாண்டி வண்டி ஒரு பள்ளத்தில் இறங்கி ஏறியது. அதற்கப்புறம் நீங்கள் கேட்கவே இல்லையா, சைரன் சத்தத்தில் எனக்குத்தான் காதில் விழவில்லையா, தெரியாது. நான் மட்டும் சொல்லிக்கொண்டே வந்தேன். ஆஸ்பத்திரி வாசலில் என் விரல்களை அம்மா ஒவ்வொன்றாகப் பிரித்து எடுத்தாள்.

காரியமெல்லாம் முடிந்த பிறகு, பெங்களூரிலிருந்து வந்திருந்த உங்கள் மகள் என்னிடம் போனை நீட்டினார். பேசியது உங்கள் பைலட். டெல்லியில் இருக்கிறாராம். நீங்கள் போகும்போது கூட இருந்த பெண்ணிடம் பேச வேண்டும் என்றாராம். இருமிக்கொண்டே நிதானமாக ஆங்கிலத்தில் சொன்னார்.

கண்ணாடிச் சில்லுகள் அவர் முகத்தில் குத்தி, ரத்தம் கண்ணை மறைத்து, மயக்கம் வந்ததாம். நீங்கள் உங்கள் இடத்தை விட்டுத் தவழ்ந்துவந்து அவர் தோளைப் பிடித்தீர்களாம். அழுதுகொண்டிருந்தீர்களாம். பயத்தில் உங்களுக்கு ஆங்கிலமே மறந்துபோனதாம். தமிழில் ஒரே சொல்லைக் கேட்டுக்கொண்டே வந்தீர்களாம். அவர் அதே சத்தத்தைத் திருப்பிச் சொன்னாராம். திருப்பிச் சொல்ல வேண்டுமே என்றுதான் கண்ணை மூடாமல் இருந்தாராம், சக்கரம் தரையைத் தொடும்வரை.

அந்தச் சொல்லைச் சொல்லிக் காட்டினார். உச்சரிப்பு உடைந்திருந்தாலும் எனக்கு உடனே புரிந்துவிட்டது.

“அதற்கு என்ன அர்த்தம் என்று நான் அவனிடம் கேட்டதே இல்லை. உனக்குத் தெரியுமா?”

சொன்னேன். அவர் அந்தச் சொல்லை இன்னொருமுறை மெதுவாகச் சொல்லிப் பார்த்தார்.

உங்களுக்கு நினைவு தப்பவில்லை, தாத்தா. என் முகத்தைப் பார்த்துத்தான் கேட்டிருக்கிறீர்கள். உங்களுக்கும் பயமாகத்தான் இருந்திருக்கும். இதழில் எழுதும்போது நீங்கள் அழுததையும் எழுதப்போகிறேன். மிஸ் மார்க்கைக் குறைத்தால் குறைக்கட்டும்.

என் பயம் மட்டும் இன்னும் போகவில்லை. கண்ணை மூடினால் அந்தப் பள்ளத்தில் வண்டி இறங்கி ஏறுகிறது. அதனால் நீங்கள் போன நாளிலிருந்து விளக்கை எரியவிட்டுத்தான் படுக்கிறேன். இப்போது அம்மா ஸ்விட்ச் பக்கத்தில் நின்றுகொண்டு அணைக்கட்டுமா என்று கேட்கிறாள். இத்தனை நாளும் வேண்டாம் என்றே சொல்லிவந்தேன்.

இந்த வரியை இருட்டில், கோணலாக எழுதுகிறேன். விளக்கை அணைத்தாகிவிட்டது.