உன்னிடம் கேட்காமல் விட்ட ஆபரேஷன் கதை

நம் மகளுக்கு ஆபரேஷன் செய்துதான் பிள்ளையை எடுக்க வேண்டும் என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார். பிள்ளை தலை மேலும் கால் கீழுமாக உட்கார்ந்திருக்கிறதாம். இனித் திரும்புவதற்கு இடமில்லையாம். அவர் சொல்லி ஒரு வாரம் ஆகிறது. இன்று காலை உன் பீரோவைத் திறந்தேன்.

அந்துருண்டை வாசத்துக்கு அடியில் உன் வாசமும் கொஞ்சம் இருந்தது. நீ போய் மூன்று வருஷம் ஆகியும் இருக்கிறது. பழைய நூல் சேலை தேடித்தான் திறந்தேன். பிறந்த பிள்ளையைப் புதுத் துணியில் சுற்றக் கூடாது, துவைத்துத் துவைத்து மெத்தென்று ஆன துணிதான் ஆகும் என்பார்கள். எனக்குச் சிரிப்பு வந்தது. குடோன் நிறைய பேண்டேஜ் துணியைப் பேல் பேலாக அடுக்கி வைத்திருக்கிறேன். பழைய துணி என்று ஒரு முழம் கிடையாது. உன் ஊதாச் சுங்குடியை எடுத்து, இழை பார்த்து நேராகக் கிழித்து, வெந்நீரில் அலசி மாடியில் காயப்போட்டேன்.  

தலைப்பிரசவம் தாய்வீட்டில்தானே? தாய் இல்லாத தாய்வீட்டில் தகப்பன்தான் தாய். ஆஸ்பத்திரியில் ஒரு பட்டியல் கொடுத்தார்கள். பட்டியலைக் கையில் கொடுத்தால் நான் விடுவேனா? பழைய பஸ் ஸ்டாண்டுப் பக்கம் நானே போனேன். முன்பக்கம் திறக்கிற நைட்டி நான்கு வேண்டும் என்றதும் கடைப்பெண் என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"யாருக்கு அண்ணாச்சி, என்ன அளவு?"

"எனக்கில்லத்தா, பயப்படாத. ஆபரேஷன் ஆகப்போற பிள்ளைக்கு."

"அப்ப பெரிசா எடுங்க. வயித்துல நாடா, எலாஸ்டிக் எதுவும் பட்டுறக் கூடாது. எனக்குப் பட்டு, நான் பட்ட பாடு!"

கல்லாவில் இருந்தவரும் சிரித்தார், நானும் சிரித்தேன். வெளியே வந்த பிறகுதான் மனசு குடைந்தது. நம் மகள் பிறந்த ஆஸ்பத்திரிக்கு நீ என்ன உடுத்திக்கொண்டு போனாய்? தையல் மேல் எதைக் கட்டினாய்? யாரை வைத்து எழுந்து நடந்தாய்? பருத்தி நூலில் எத்தனை நம்பர் எந்த மில்லில் கிடைக்கும் என்று தூக்கத்தில் கேட்டாலும் சொல்லுவேன். இது ஒன்றும் எனக்குத் தெரியவில்லை.

இதற்கிடையில் சம்பந்தியம்மா ஸ்ரீவில்லிபுத்தூரில் இருந்து ஜோசியர் எழுதிக் கொடுத்த தாளோடு வந்துவிட்டார். டாக்டர் சொன்ன நாளுக்குப் பதினைந்து நாள் முன்னால் ஒரு திங்கள்கிழமை, ஒன்பதில் இருந்து பத்தரைக்குள்.

"அந்த நேரத்துல பெறந்தா பிள்ளை ஊரையே ஆளுமாம்ணே. எப்படியும் கத்தி வைக்கத்தான் போறாக. நல்ல நேரத்துல வச்சா என்ன?"

அவர் சொல்வதும் எனக்கு நியாயமாகவே பட்டது. தானாக வருகிற பிள்ளைக்கு நேரம் பார்க்க முடியாது, நாம் எடுக்கிற பிள்ளைக்குப் பார்க்கலாமே? மகள் சோபாவில் காலை நீட்டி உட்கார்ந்து, அவர் முகத்தையும் என் முகத்தையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.  நாங்கள் அவளைக் கேட்கவில்லை.

மறுநாள் மகளையும் கூட்டிக்கொண்டு டாக்டரம்மாவிடம் போனேன். வியாபாரப் புத்தி என்னை எங்கே விட்டது? "நீங்க சொல்றது ஒரு நாள், அவிய சொல்றது ஒரு நாள். நடுவுல ஒரு வாரம் தள்ளி வச்சுக்கலாமா டாக்டர்?" என்று கேட்டுவிட்டேன். அந்த அம்மா பேனாவை மூடி வைத்தார்.

"அண்ணாச்சி, தறியில துணி முடியுமுன்ன பாதியில அறுத்து வித்திருக்கீங்களா?"

"இல்ல டாக்டர்."

"உள்ள பிள்ளையோட நுரையீரல் இன்னும் தறியில ஓடிக்கிட்டுத்தான் இருக்கு, முழுசா முடியல. அவசரம்னா நானே இன்னைக்கே எடுப்பேன். அவசரம் இல்ல. முப்பத்தொன்பது வாரம் ஆகட்டும்."

இதற்கு மேல் பேரம் பேச என்ன இருக்கிறது? ஆனால் எழுந்து வர மனசில்லை. கேட்டால் சொல்லுகிற ஆள் எதிரில் உட்கார்ந்திருக்கிறார், விடலாமா? கேட்கத் தொடங்கினேன். மயக்க மருந்து எங்கே போடுவார்கள்? முதுகில், குனிந்து உட்காரவைத்து. ஆள் தூங்கிவிடுமா? தூங்காது, இடுப்புக்குக் கீழே மட்டும் மரத்துப்போகும், முழிப்பு இருக்கும், நெஞ்சுக்கு முன்னால் துணித் திரை கட்டியிருக்கும். வலிக்குமா? வலிக்காது, ஆனால் உள்ளே யாரோ பிடித்து இழுக்கிறது தெரியும். நான் அனுப்புகிறது போன்ற பேண்டேஜ் துணியை உள்ளே வைத்து ரத்தம் ஒற்றுவார்களாம். வைத்தது அத்தனையும் வெளியே வந்ததா என்று உரக்க எண்ணிய பிறகுதான் தையல் போடுவார்களாம். இத்தனை வருஷம் அந்தத் துணியை விற்கிறேன். அதைக் கையில் வைத்துக்கொண்டு ஒருவர் இப்படி எண்ணுவார் என்று எனக்குத் தெரியாது.

"எல்லாம் முடிஞ்ச பொறவு?" என்று கேட்டேன்.

"பிள்ளைய வெளிய குடுத்துருவோம். தாயைப் பக்கத்து ரூம்ல செத்த நேரம் வச்சிருப்போம். நெறையப் பேருக்கு உடம்பு உதறும். பல்லு கிட்டும். ஆபத்தில்ல, அடங்கிரும். ஆனா அவங்க பயந்துருவாங்க. அப்ப தெரிஞ்ச முகம் ஒண்ணு பக்கத்துல இருந்தா நல்லது."



நம் மகள் பிறந்த அன்றைக்கு நான் வராந்தாவில் நின்றேன். நர்ஸ் துணிப்பொட்டலமாகப் பிள்ளையைக் கொண்டுவந்து காட்டினாள். விரல் இருபதையும் சரிபார்த்தேன். தயாராக வாங்கி வைத்திருந்த பால்கோவாவைப் பிரித்து, வாட்ச்மேன் வரை கொடுத்தேன். கீழே எஸ்.டி.டி. பூத்துக்குப் போய் ஊர் ஊராகப் போன் போட்டேன். நூல் ஏஜெண்டுக்குக்கூடப் போட்டேன். பிறகு உன் அறைக்கு வந்தபோது பொழுது சாய்ந்திருந்தது. நீ சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாய். "அசதி" என்றாய். நானும் அசதி என்றே எடுத்துக்கொண்டேன்.

பதினோராம் நாள் வீட்டில் ஆள் கூடியிருந்தபோது, என்னைக் காட்டி நீ சொன்னது: "அவியளுக்கு என்ன, சரக்கு எறங்கிருச்சுன்னா லாரிய யாரு பாக்கா?"

வீடே சிரித்தது. எனக்குப் பெருமை தாங்கவில்லை. 'என் வீட்டம்மா எப்படிப் பேசுவா தெரியுமா' என்று நான் போன ஊரில் எல்லாம் இதைச் சொல்லிச் சிரிக்க வைத்திருக்கிறேன். ஈரோட்டில் சொன்னேன், சூரத்தில் அரைகுறை இந்தியில் சொன்னேன். இருபத்தெட்டு வருஷம் வேடிக்கை என்று சொல்லிக்கொண்டு திரிந்தது உன் புகார் என்று போன வாரம்தான் எனக்கு விளங்கியது.

காரில் திரும்பும்போது மகளிடம் கேட்டேன். "ஒங்கம்மாவுக்கு முதுகுல ஊசியா, முழு மயக்கமான்னு எனக்குத் தெரியாதும்மா."

"முதுகுலதான்ப்பா. அம்மா எங்கிட்டச் சொல்லியிருக்காக. முழிச்சுத்தான் இருந்தாகளாம். திரைக்கு அந்தப் பக்கம் டாக்டரும் நர்ஸும் மல்லிகைப்பூ வெல பேசிக்கிட்டு இருந்தாகளாம். அந்த வெலைக்கு வாங்காதீக, ஏமாத்துதான், நான் வேற கடை சொல்லுதேன்னு அம்மாவுக்கு வாய் வரைக்கும் வந்துச்சாம்."

சிரித்துச் சிரித்து வண்டியை ஓரம் கட்டினேன். வயிற்றைத் திறந்து வைத்திருக்கும்போதும் விலை விசாரித்தவள் நீ! இதை என்னிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன்.

"நீங்க கேக்கலன்னு சொன்னாக."

கொஞ்ச தூரம் போன பிறகு அவளே மறுபடி பேசினாள். "ஆபரேஷன் முடிஞ்சு அந்த ரூம்ல ஒடம்பு உதறி வெறையல்ல கிடந்ததையும் சொன்னாக. யாராச்சும் வாங்கன்னு கூப்பிட்டாகளாம், வாய் கொழறுச்சாம். வெளிய நீங்க சிரிக்கிற சத்தம் கேட்டுச்சாம். எனக்கு ஆபரேஷன் பயமில்லப்பா. அந்த ரூம்தான் பயமா இருக்கு."

 "சரிம்மா" என்றேன். 

உன்னிடம் கேட்க இன்னும் எத்தனையோ இருக்கிறது. நான் அறைக்குள் வந்தபோது கோபமாக இருந்தாயா, அழுது முடித்திருந்தாயா? சுவரில் என்னத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாய்? எவ்வளவு நேரம் உதறியது? இனி யாரைக் கேட்பேன்? கேட்காமல் விட்டது என் தப்பு. கேட்க வேண்டிய இன்னொருத்தி இங்கே இருக்கிறாள், அதனால் உட்கார்ந்து அழ நேரமில்லை.

நேற்று சாயங்காலம் சம்பந்தியம்மாவை வரச்சொல்லி, மகளையும் நடுவில் உட்காரவைத்துப் பேசினோம். அவர் லேசில் விடவில்லை.

"ஊரை ஆளுற நேரமாச்சேண்ணே!"

"ஆளட்டும் தங்கச்சி, மொதல்ல மூச்சு விட்டுப் பழகட்டும்" என்றேன். சிரிக்காமல் இருக்கத்தான் பார்த்தார், முடியவில்லை. பிறகு மருமகளின் முகத்தைப் பார்த்தார். "நீ என்னத்தா சொல்லுத?" என்று கேட்டார். அந்த வீட்டிலும் இந்த வீட்டிலுமாக அவளை ஒருவர் கேட்டது அதுதான் முதல் தடவை. அவள் மளமளவென்று சொல்லிவிட்டாள். எல்லாம் யோசித்து வைத்திருந்திருக்கிறாள்.

பேசி முடித்தது இவ்வளவுதான். நாள், டாக்டர் சொன்ன நாள். அந்த நாளுக்குள் எந்த மணி என்பது சம்பந்தியம்மா பார்த்துச் சொல்வது, டாக்டர் ஒத்துக்கொண்டால். ராத்திரித் துணைக்கும் பாத்ரூமுக்குக் கூட்டிப்போகவும் தாய்வீடு, மாமியார்வீடு என்று பார்க்காமல் அவரே தங்குவார். பிள்ளையை வாங்குவது மாப்பிள்ளையும் அவரும். ஆபரேஷன் முடிந்து மகளை வைத்திருக்கும் அந்த அறைக்குள் போவது நான். தொப்பியும் அங்கியும் போட்டுக்கொண்டு பக்கத்தில் இருக்க டாக்டரம்மா ஒப்புக்கொண்டிருக்கிறார். கடைசி ஷரத்து மகள் போட்டது, பேரம் பேசாமல் ஏற்றுக்கொண்டேன்: அவள் உதறல் அடங்கி, "போங்கப்பா" என்று சொன்ன பிறகுதான் நான் பிள்ளையின் முகத்தைப் பார்ப்பது.