முறுக்கின் மேல் ஏறிய பெட்டிகள்

ஆகஸ்ட் 5, செவ்வாய்

புழுக்கம். மதியம் வரை கடல் காற்று கிடையாது. மணலி பக்கத்து எண்ணெய் ஆலை வாடை மட்டும் தவறாமல் ஆஜர்.

என் நாய்ப்பயல் முறுக்கு கடைசியில் செய்தேவிட்டான். மாடிப்படியில் ஹனீஃபா பாயின் லுங்கியைக் கவ்வி இழுத்து ஓரத்தைக் கிழித்துவிட்டான். காலில் பல் படவில்லை. மாதாவே, படவில்லை. நான் டார்ச் அடித்து முழங்கால் வரை பார்த்தேன், பாய் கூச்சத்தில் நெளிந்தார்.

பாய் கீழ் வீடு. வீட்டுக்காரரும் அவர்தான். மாலைத் தொழுகைக்குக் கிளம்பினவர், மோட்டார் போட்டிருக்கிறதா என்று கேட்கப் பாதிப் படி ஏறி வந்தார். நாய் எச்சில் பட்ட துணியோடு தொழ முடியாது. திரும்பிப் போய்க் கால் கழுவி, வேறு லுங்கி மாற்றுவதற்குள் பள்ளிவாசலில் தொழுகை முடிந்துவிட்டது. கிழிந்த லுங்கியைவிட அதில்தான் அவருக்கு வருத்தம்.

"இதா பாரு ஜெசிம்மா. எம்பொண்ணு நஸ்ரினு புள்ள பெத்து ஆசுபத்திரில கீது. ஞாயித்துக்கெயம வூட்டுக்கு இட்டாறோம். பச்ச மண்ணு. இதே படில இது இப்டி எகிறிக்கினு இருந்தா நான் இன்னா பண்றது? ஞாயித்துக்கெயம வரைக்கும் பாரு. அப்பாலயும் இப்டியே இருந்துச்சுன்னா எங்கனா வுட்ரு."

கத்தியிருந்தால் நானும் கத்தியிருப்பேன். அவர் மெதுவாகச் சொன்னார். எங்கனா என்றால் எங்கே? துறைமுக ரோட்டில் ட்ரெய்லர்களுக்கு நடுவிலா? குட்டியாக அங்கிருந்துதானே தூக்கிவந்தேன்.

புரியாத விஷயம்: நேற்று இதே பாய், இதே படி. முறுக்கு வாலாட்டினான். இன்று மட்டும் என்ன வந்தது?

இன்று நடந்தது:
விடிகாலை, காசிமேடு துறைமுகம். ஏலக் கூச்சல், ஐஸ் உடைக்கும் மிஷின். நான்தான் கூட்டிப்போனேன், சத்தம் பழகட்டும் என்று. நாமெல்லாம் இந்த ஊரில் பழகவில்லையா?
திரும்பும்போது ட்ரெய்லர் ஹார்ன். காதுக்குப் பக்கத்தில்.
சிலிண்டர்காரர். படியில் உருட்டல்.
அம்மா. "மெர்சலாயி கீதுடி, கண்ணு பட்டுகீது" என்று உப்பும் மிளகாயும் சுற்றி அடுப்பில் போட்டாள். உப்பு படபடவென்று வெடித்தது, வீடெல்லாம் நெடி, முறுக்கு தும்மித் தும்மிக் கட்டிலுக்கு அடியில். போதாததற்கு மாதா கோயில் தண்ணீரை வேறு மூஞ்சியில் தெளித்தாள். எல்லாப் பக்கமும் சொல்லி வைத்துவிடுவது அவள் வழக்கம்.
அப்புறம் பாய்.

கண் எரிகிறது. மிளகாய்தான்.

ஆகஸ்ட் 6, புதன்

அரை நாள் லீவு. சூப்பர்வைசரிடம் உடம்பு சரியில்லை என்றேன். யாருடைய உடம்பு என்று சொல்லவில்லை.

தண்டையார்பேட்டையில் நாய் டாக்டர். என்னைவிடச் சின்னவர். முதலில் முறுக்கைத் தொடவே இல்லை. தரையில் பக்கவாட்டாக உட்கார்ந்துகொண்டு என்னைத்தான் விசாரித்தார். நேற்று நடந்ததை வரிசையாகச் சொன்னேன். மிளகாய்க்கு வந்ததும் சிரித்துவிட்டார். அப்புறம் சிரிக்கவில்லை.

"கடைசியா வந்தவர் பாய், அவ்வளவுதான். கோபம் அவர் மேல இல்லைங்க. காலையில இருந்து ஒண்ணு அடங்குறதுக்குள்ள அடுத்தது ஏறியிருக்கு. ஏறினது உடம்புல இருந்து இறங்க ரெண்டு மூணு நாள்கூட ஆகும். நீங்க இறங்கவே விடல."

பிறகு காதைப் பார்த்தார். இடது காது உள்ளே செக்கச் சிவந்து சீழ். வாரக்கணக்கில் வலித்திருக்குமாம். தினமும் அந்தக் காதைத்தான் பிடித்துக் கொஞ்சுகிறேன். மடச்சி.

அவர் சொன்னது, மறப்பதற்குள்:
சொட்டு மருந்து, காலையும் மாலையும்.
துறைமுகம் வேண்டாம். பயந்த இடத்திலேயே கொண்டுபோய் நிறுத்தினால் பழகாது, பயம் கூடும்.
மோப்பம் பிடிக்க, நக்க, மெல்ல விட வேண்டும். அதெல்லாம் இறக்கும். தூக்கமும்.
உறுமினால் திட்டக் கூடாது. "அதுதான் அவன் பேச்சு. அதை அடக்கிட்டா அடுத்த தடவை சொல்லாமலே கடிப்பான்." நான் ஒரு வருஷமாக உறுமலுக்கெல்லாம் அதட்டியிருக்கிறேன்!
வாய்க்கூடு நல்லதுதான், ஆனால் பழக்க வாரக்கணக்கில் ஆகும். அவசரமாக மாட்டினால் அதுவும் ஒரு பாரம்.
குழந்தைக்குப் பக்கத்தில் இப்போதைக்குக் கொண்டுபோகவே வேண்டாம். பழக்குவதெல்லாம் பிறகு. முதலில் விலகிப் போகக் கற்றுக்கொடுக்க வேண்டும்.

"ஞாயித்துக்கிழமைக்குள்ள சரியாயிடுமா டாக்டர்?"

"சரியாகாது. ஆனா இறங்கும்."

இறங்கும்! பஸ் கிடைக்காமல் ஷேர் ஆட்டோவும் ஏற்றாமல் நானும் முறுக்கும் சந்து சந்தாக நடந்தே வந்தோம். பாதி வழி நான் ஓடினேன் என்று நினைக்கிறேன்.

ஆகஸ்ட் 7, வியாழன்

வெயில். திருவொற்றியூர் யார்டில் தகரம் கொதிக்கிறது. காலையில் காலி கன்டெய்னர்கள் வந்துகொண்டே இருந்தன, நான் நம்பர் பார்த்துக் குறித்துக்கொண்டே இருந்தேன்.

பிடித்துவிட்டேன். டாக்டர் சொன்னதன் சூட்சுமத்தை இன்றுதான் பிடித்தேன். அவசரத்தில் எழுத்து கோணல்.

அடியில் இருந்த ஒரு பெட்டி வேண்டுமென்று பார்ட்டி வந்து நின்றான். எங்கள் டிரைவர் செல்வம், பெட்டி தூக்கும் ரீச் ஸ்டாக்கர் வண்டியைக் கொண்டுவந்து மேலே இருந்ததை ஒவ்வொன்றாக இறக்கிவைத்தான். பார்ட்டிக்குப் பொறுமை இல்லை. "சட்டுனு அடிப்பொட்டிய உருவ முடியாதா?" என்றான். செல்வம் வண்டியிலிருந்து எட்டிப் பார்த்தான். "உருவு. நீ கீய நின்னுகினு உருவு, நான் பாக்குறேன்."

அதேதான்! காது வலி அடிப்பெட்டி. அதன் மேல் மீன் ஏலம், ஹார்ன், சிலிண்டர், மிளகாய். உச்சியில் பாவம் பாய். காற்றடித்து மேல் பெட்டி சரிந்தால் மேல் பெட்டியையா திட்டுவோம்? அடுக்கினவனைத்தான் திட்டுவோம். அடுக்கினவள் நான்தான். அம்மாவும் கூட.

செல்வத்திடம் ஓடிப்போய்ச் சொன்னேன். எஞ்சின் சத்தத்தில் என்ன கேட்டதோ. "இன்னாக்கா, நாயிக்குப் பொட்டியா? செத்துப்போச்சா?" என்று பதறினான். சிரித்துச் சிரித்து வயிறு வலி.

மாலை. அம்மாவுக்கு மிளகாய்த் தடை உத்தரவு. "அப்போ கண்ணு பட்டது?" என்றாள். "கண்ணு இல்லம்மா, காது" என்றேன். சூரை மீனை உப்பில்லாமல் வேகவைத்துக் கொடுத்தாள். முணுமுணுத்துக்கொண்டேதான்.

பாடம் ஆரம்பம். விலகிப் போக ஒரு வார்த்தை வேண்டும். 'வா' என்பதை ஏற்கனவே ஆயிரம் தடவை வீணடித்தாயிற்று. யோசித்து யோசித்து, கண்டக்டர் மாதிரி "போலாம் ரைட்!" என்று வைத்தேன். சொன்னதும் நான் திரும்பிப் படியேற வேண்டும், அவனும் திரும்ப வேண்டும், மேல் படியில் மீன் சிதறிக் கிடக்கும். ஆளில்லாத படியில் முதலில். அவன் மீனைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். மூன்றாம் தடவையே புரிந்துவிட்டது. என் கெட்டிக்காரன்!

ஆகஸ்ட் 8, வெள்ளி

விடிகாலையில் தூறல். தெரு கழுவிவிட்ட மாதிரி.

முறுக்கு மல்லாந்து தூங்கினான்! நான்கு காலும் மேலே. இவனை இப்படி நான் பார்த்ததே இல்லை. அம்மாவை எழுப்பிக் காட்டினேன். "செத்த எலி மாரி கீது" என்றாள். ஆனால் அரிசி களையும் சத்தம் கேட்கக் கூடாதென்று பாத்திரத்தை வெளியே எடுத்துப்போனாள். பார்த்தேன், பார்க்காத மாதிரி இருந்தேன்.

நடை: பழைய ரயில் லைன் ஓரம். ஒரே ஒரு புல் திட்டை அரை மணி நேரம் மோந்தான். நான் அவசரப்படுத்தவில்லை. எனக்கு ஆபீஸ் லேட். பரவாயில்லை.

கவனித்தது: வால்தான் மீட்டர். நிம்மதியாக இருந்தால் இறுக்கமாகச் சுருண்டிருக்கும், அதனால்தானே இந்தப் பேர். பயம் ஏற ஏறச் சுருள் அவிழ்கிறது. வாயையும் மூடிக்கொள்கிறான். உதட்டை நக்குகிறான். பாய்வதற்கு எவ்வளவோ முன்னால் இதெல்லாம் சொல்லிவிடுகிறான், நான்தான் கேட்டதில்லை.

இன்னொன்று: ஆபத்து போனதும் மூக்கிலிருந்து வால் வரை ஒரு உதறல். குளித்த மாதிரி. ஒரு பெட்டி இறங்கியது என்று அர்த்தம்.

சிலிண்டர்காரர் எதிர் வரிசையில் வந்தார். வால் அவிழ ஆரம்பித்தது. "போலாம் ரைட்!" திரும்பினான்! தெருவிலேயே கைதட்டிவிட்டேன். சிலிண்டர்காரர் தனக்கென்று நினைத்துக் கையாட்டினார்.

மாலையும் படியில் பாடம். போலாம் ரைட், போலாம் ரைட். பாய் வீட்டுக் கதவு பாதி திறந்திருந்தது. உள்ளே தொட்டில் கட்ட உத்தரத்தில் கயிறு மாட்டிக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்துக் கதவைச் சாத்தினார்.

ஞாயிறு வந்துகொண்டே இருக்கிறது.

ஆகஸ்ட் 9, சனி

எப்படி மறந்தேன்? ஆடி ஞாயிறு! நாளைக்கு எங்கள் தெரு அம்மனுக்குக் கூழ். காலையில் பால் வாங்க இறங்கினால், எங்கள் வீட்டு எதிர்க் கம்பத்தில் ஏறிப் புனல் ஸ்பீக்கர் கட்டிக்கொண்டிருக்கிறான் மைக்செட்காரன். வாய் நேராக எங்கள் ஜன்னலைப் பார்த்து. பாட்டு, பம்பை, வெடி, எல்லாம் நாளைக்கே. குழந்தையும் நாளைக்கே.

"தம்பி, கொஞ்சம் அந்தாண்ட திருப்பிக் கட்டேன்."

"இன்னாக்கா, மாதா கோயில் கட்சியா?"

"அய்ய, அதில்லபா. வூட்ல நாயி. காது செரியில்ல, மருந்து வுட்டுகினு கீறேன்."

மேலிருந்து குனிந்தான். "எங்க வூட்லயும் ஒண்ணு கீதுக்கா. வெடி போட்டா பாத்ரூம்ல பூந்துக்கும்." திருப்பிக் கட்டினான். நல்லா இரு தம்பி.

திட்டம்: ஞாயிறு யார்டு லீவு. ஆளும் கிடையாது, வண்டியும் கிடையாது. வாட்ச்மேனிடம் போனில் பேசிவிட்டேன். குழந்தை மத்தியானம்தான் வருகிறது. பாட்டு சூடு பிடிப்பதற்குள் முறுக்கைக் கிளப்பிக்கொண்டுபோய்விட்டால், அவன் பாட்டுக்குக் காலிப் பெட்டிகளை மோந்துகொண்டு கிடப்பான். இருட்டின பிறகு வரலாம்.

ஜன்னலுக்குப் போர்வை மாட்டியாயிற்று. மீன் டப்பா. சொட்டு மருந்து. தண்ணீர் பாட்டில். எல்லாம் பையில்.

நாளைக்கு ஏதாவது தப்பாகிவிட்டால் பாயிடம் இன்னும் கொஞ்ச நாள் கேட்க எனக்கு முகம் கிடையாது.

ஆகஸ்ட் 10, ஞாயிறு

முதலில் நடந்ததை எழுதிவிடுகிறேன். குதிப்பது அப்புறம்.

விடிந்ததும் பாட்டு. போர்வை, ஃபேன் ஃபுல் ஸ்பீடு. முறுக்கு வாலைப் பாதி அவிழ்த்துக்கொண்டு மரத்துண்டு ஒன்றைக் கடித்தபடி இருந்தான். தாங்கினான். கூழ் ஊற்றுமுன்னே கிளம்பிவிட வேண்டுமென்று அவசர அவசரமாகக் கயிறு மாட்டி இறங்கினேன். படி திரும்பும் இடத்துக்கு வந்தேன்.

கீழே வாசல் கதவு திறந்தது. ஆஸ்பத்திரியில் சீக்கிரமே அனுப்பிவிட்டார்களாம். முதலில் பாய். கையில் வெள்ளைத் துணிப் பொட்டலம். பின்னால் நஸ்ரின், சுவரைப் பிடித்துக்கொண்டு. அதே நொடி வெளியே பம்பை ஆரம்பித்தது, வெடி ஒன்று போட்டார்கள். பொட்டலம் வீல் என்றது.

முறுக்கு கல்லாகிவிட்டான். வாய் மூடியது. வால் நேராகிவிட்டது, சுருளே இல்லை. கயிறு வழியாக அவன் நடுக்கம் என் கைக்கு வந்தது. உறுமல் ஆரம்பம். சொல்ல வேண்டிய வார்த்தை எனக்குத் தெரியும். நாக்கு ஒட்டிக்கொண்டது. வாயைத் திறக்கிறேன், காற்றுதான் வருகிறது. என் மேலும் அத்தனை பெட்டி ஏறியிருந்தது, வேறென்ன.

பாய் அசையவில்லை. குழந்தையை மார்போடு அணைத்துக்கொண்டு, பாதி திரும்பி, முதுகைக் காட்டி நின்றார். பிறகு மெதுவாக, அசல் கண்டக்டர் மாதிரி இழுத்து,

"போலாம் ரைட்..."

முறுக்கு திரும்பினான்.

திரும்பி, என்னையும் இழுத்துக்கொண்டு மேலே ஓடினான்! நான் தடுக்கி முட்டியைச் சிராய்த்துக்கொண்டு பின்னால். மேல் படியில் நின்று என்னைப் பார்க்கிறான், எங்கே மீன் என்று. டப்பா முழுவதையும் கொட்டினேன். தின்றான். மூக்கிலிருந்து வால் வரை ஒரு உதறல். நான் படியிலேயே உட்கார்ந்து அழுதேன், சிரித்தேன். அம்மா கரண்டியோடு ஓடிவந்து, "அய்யோ, கடிச்சிடுச்சா?" என்றாள். என் முட்டி ரத்தத்தைப் பார்த்து, "உன்னியா கடிச்சுச்சு?" என்றாள்.

யார்டுக்குப் போகவில்லை. உள் அறையில் ஃபேனுக்கடியில் இரண்டு பேரும் படுத்துவிட்டோம்.

மத்தியானம் பாய் படிக்குக் கீழே நின்று கூப்பிட்டார். மேலே ஏறவில்லை. கையில் தூக்கு, குழந்தைக்காகக் கிண்டின சர்க்கரைப் பொங்கல் மாதிரி ஏதோ இனிப்பு. நான் மட்டும் இறங்கினேன்.

"பாய், அந்த வார்த்த உங்களுக்கு..."

"இன்னா ஜெசிம்மா, காலைலயும் சாய்ங்காலமும் இதே பாட்டு. தொயுவ நின்னாக்கூட காதுல போலாம் ரைட்டுதான் கேக்குது."

அவர் வைத்த ஞாயிற்றுக்கிழமைக் கெடு இன்றோடு முடிகிறது. படிக்கு ஒரு தடுப்புக் கதவு போட ஆசாரியைப் பார்க்கிறேன் என்றேன். தலையாட்டினார். ஆட்டியது சரிக்கா, பார்க்கலாமுக்கா, தெரியவில்லை. சாயங்காலம் வரை அதையே நினைத்துக்கொண்டிருந்தேன்.

இப்போது விளக்கு வைத்தாகிவிட்டது. கூழ் முடிந்தும் பாட்டு முடியவில்லை. இதை எழுதிக்கொண்டிருக்கும்போதே கீழே கதவு திறக்கும் சத்தம். பாயின் குரல், கம்பத்தடியிலிருந்து:

"டேய் மைக்செட்டு! கொஞ்சம் கொறடா. கொயந்த தூங்குது."

பாட்டு கொஞ்சம் குறைந்தது.

"இன்னும் கொறடா! மாடில நாயி கீது, காது செரியில்ல அதுக்கு. இப்பதான் கண்ணு அசந்துகீது!"

முறுக்கு ஒரு காதை மட்டும் தூக்கிப் பார்த்துவிட்டு மறுபடி படுத்துக்கொண்டான்.