அரை மூச்சுத் தாமதம்

கிணத்துக்கடவு,
அக்டோபர் 9.

அன்புள்ள மெர்சிக்கு,

மாதா துணையால் நீ அங்கே உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருப்பாய் என்று நம்பி பிரான்சிஸ் எழுதுவது. இங்கே நான் சுகம். கல்யாணத்துக்கு முன்னால் எழுதிய இரண்டு கடிதங்களுக்குப் பிறகு இது மூன்றாவது. போனில் சொன்னால் என்ன என்று கேட்பாய். போனில் நான் பேசுகிற லட்சணம் உனக்குத் தெரியாததா? சாப்பிட்டாயா, தூங்கினாயா, சரி வைக்கிறேன். இதையும் அப்படித்தான் பாதியில் வைத்துவிடுவேன். அதனால் ஜூனியர் தேர்வுக்காக நாளை டெல்லிக்கு விமானம் ஏறும் மேக்னாவிடம் கொடுத்தனுப்புகிறேன். திங்கட்கிழமை இந்திய அணிக்கான இரண்டாவது தேர்வில் நீ துப்பாக்கியைத் தொடுவதற்கு முன்பு இதைப் படித்துவிட வேண்டும்.

ஊரில் மழை பிடித்துக்கொண்டது. துப்பாக்கி சுடும் ரேஞ்சுக்குப் போகும் மண் பாதையில் வண்டி வழுக்குகிறது. உங்கப்பாவுக்குக் கால் வீக்கம் வடிந்துவிட்டது. இனி தென்னை மரம் ஏறக் கூடாது என்று டாக்டர் சொன்னதால், கீழே நின்றுகொண்டு ஏறுகிறவர்களைத் திட்டிக்கொண்டிருக்கிறார். நேற்று டீக்கடையில் யாரோ உன்னைப் பற்றிக் கேட்டதற்கு, "நானெல்லாம் மரத்துல நிக்கறதத்தானுங்க வெட்டிப்போடுவேன், எம்புள்ள வானத்துல பறக்கறதயே அடிச்சுப்போடுவா" என்றாராம். இந்த வாரத்தில் மட்டும் மூன்றாவது முறை.

அவரிடம் நான் இன்னும் எதையும் சொல்லவில்லை. செவ்வாய்க்கிழமை போனில் நீ சொன்னாயே, "இது முடிஞ்சா போதுங்க, துப்பாக்கிய வித்துப்போடலாம்" என்று. கண் போய்விட்டது, வயதும் முப்பத்தாறு ஆகிவிட்டது, இனி பறக்கும் கிளே தட்டு முன்பு போலத் தெரியவில்லை என்றாய். நான் சரி என்றேன். அந்தச் சரியைச் சொல்லியிருக்கக் கூடாது.

உன் கண்ணுக்கு ஒன்றுமில்லை மெர்சி. கோயம்புத்தூரில் அந்தக் கண் டாக்டர் இரண்டு முறை பார்த்துவிட்டு அதைத்தானே சொன்னார். நீதான் நம்பவில்லை. கோளாறு வேறு இடத்தில் இருக்கிறது. அது என்னிடம் இருக்கிறது. நேற்று காலை வரைக்கும் அது எனக்கே முழுசாகத் தெரியாது.

நேற்று மேக்னா கடைசிப் பயிற்சிக்கு வந்தாள். பீளமேட்டுக் கல்லூரியில் சேர்ந்த பிறகு நம் ரேஞ்சில் அவள் சுடுவது இதுதான் முதல் தடவை. குரல் கேட்டதும் தானாகக் கிளேயை விடும் மைக் இல்லாததால் வழக்கம்போல நான் பின்னால் உட்கார்ந்து பொத்தானை அழுத்தினேன். இருபத்தைந்து கிளேயில் பத்துகூட முடியவில்லை, துப்பாக்கியை மடக்கிக்கொண்டு என்னைத் திரும்பிப் பார்த்தாள். "அண்ணா, ஏனுங்க இவ்வளவு லேட்டா உடறீங்க? நான் குரல் குடுத்து எத்தன நேரமாச்சுங்க?" என்று கேட்டாள். கோபமெல்லாம் இல்லை, பாவம், மரியாதையாகத்தான் கேட்டாள். கம்பியில் ஏதோ கோளாறு என்று சொல்லிவிட்டு, அவள் குரல் கேட்டதும் அழுத்தவேண்டும் என்று நினைத்துக்கொண்டு அடுத்த கிளேயை விட்டேன். அதுவும் தாமதம். என் விரல் என் பேச்சைக் கேட்கவில்லை. அவள் தோள் அசையாமல் நிற்கும் வரைக்கும் அது காத்திருந்தது.

அவள் போன பிறகு, உன் ரயில்வே டீம் கிஷன் முதல் தேர்வில் எடுத்து அனுப்பிய வீடியோவைத் திறந்தேன். முன்பே நான்கு முறை பார்த்ததுதான். இந்த முறை கண்ணை மூடிக்கொண்டு கேட்டேன். நான் மில் மோட்டாருக்குக் காது வைத்துப் பார்த்து வளர்ந்தவன், கண்ணைவிடக் காதுதான் எனக்கு உண்மையைச் சொல்லும். உன் குரல், உடனே மெஷின் சத்தம். நடுவில் இடைவெளியே இல்லை. அப்புறம் கண்ணைத் திறந்து பார்த்தேன். கிளே பள்ளத்திலிருந்து கிளம்பும்போது உன் துப்பாக்கி இன்னும் தோளில் சரியாக உட்காரவே இல்லை. குரல் கொடுத்த பிறகு அரை மூச்சு நேரம் இருக்கிறது என்று உன் உடம்பு நம்பிக்கொண்டிருக்கிறது. அந்த நம்பிக்கையைக் கொடுத்தவன் நான்தான். நூற்று இருபத்தைந்தில் நூற்று ஏழு. தவறிய பதினெட்டில் பாதிக்கு மேல் என் கணக்கு.

நீ இப்படிச் சுடுகிறவளே இல்லை. கல்லூரி என்சிசியில் ரைஃபிள் பிடித்த பெண், இரவல் துப்பாக்கியோடு நம் ரேஞ்சுக்கு வந்து நின்ற நாளில் நான் அங்கே மெஷின் பழுதுபார்க்க வந்த ஃபிட்டர். பாலக்காட்டுக் கணவாயிலிருந்து வரும் காற்று கிளேயைத் தூக்கித் தூக்கிப் போட்டது. பெரிய வீட்டுப் பிள்ளைகள் காற்றைத் திட்டிவிட்டுக் காரில் ஏறிப் போனார்கள். நீ மட்டும் சாயங்காலம் வரை நின்று பதினொன்று உடைத்தாய். "நாளைக்கும் காத்து இருக்குமுங்களா?" என்று என்னிடம் கேட்டாய். அதற்காகவே ரேஞ்சு வேலையில் சேர்ந்தேன், இப்போது சொல்கிறேன். இரண்டாவது வருடம் மாநிலத் தங்கம். ஆறாவது வருடம் தேசியத் தங்கம். அல்மாட்டியில் வெண்கலம் வாங்கிவிட்டு, அங்கே தேங்காய்ச் சட்னி இல்லை என்று போனில் அழுதாய். அப்போதெல்லாம் குரலும் துப்பாக்கியும் உனக்கு ஒன்றாகத்தான் தயாராகும்.

இது எப்போது ஆரம்பித்தது என்று நேற்று முழுக்க யோசித்தேன். உண்மையில் யோசிக்கவே வேண்டியதில்லை. நாம் ஆஸ்பத்திரியிலிருந்து பாப்பா இல்லாமல் திரும்பி வந்த வருடம். இடி விழுந்து மைக் கருகியதும் அந்த ஐப்பசியில்தான். மூன்று மாதம் வீட்டுக்குள்ளேயே கிடந்துவிட்டு ஒருநாள் நீயாக ரேஞ்சுக்கு வந்தாய். சுடும் இடங்களில் முதல் நிலையில் போய் நின்றாய். குரல் கொடுத்தாய். குரல் வந்தது, ஆனால் நீ வரவில்லை. தோள் ஆடிக்கொண்டிருந்தது. அந்த நிலைமையில் உனக்கு ஒரு கிளேயை விட எனக்கு மனது வரவில்லை அம்மணி. நீ நிதானமாகும் வரைக்கும் பொத்தானை அழுத்தாமல் இருந்தேன். பிறகு விட்டேன். உடைத்தாய். மூன்று மாதத்தில் முதல் தடவையாக உன் முகத்தில் ஏதோ அசைந்தது. அடுத்ததற்கும் காத்திருந்தேன்.

அன்றைக்கு நான் செய்தது சரிதான் என்று இப்போதும் சொல்வேன். அதற்குப் பிறகு இரண்டு வருடமாகச் செய்தது சரியில்லை. இங்கே இருபத்து நான்கு அடித்தவள் வெளியே போய்ப் பத்தொன்பது அடிக்கும்போது எனக்குள் ஒரு சந்தேகம் வந்தது. வந்ததைப் பிடித்து உட்கார வைத்து விசாரிக்கவில்லை. விசாரித்திருந்தால் பொத்தானை விட்டு எழுந்திருக்க வேண்டி வந்திருக்கும்.

இன்னொன்றும் இருக்கிறது. படித்துவிட்டுத் திட்டு. மைக்குக்கு வேண்டிய பாகம் இத்தாலியிலிருந்து இன்னும் வரவில்லை என்று சொல்லிக்கொண்டிருந்தேனே, அது போன தை மாதமே வந்துவிட்டது. பெட்டியைப் பிரிக்காமல் அலமாரியில் வைத்திருந்தேன். நம் வீட்டில் நாம் இரண்டு பேரும் பேசுவது நின்றுபோய் ரொம்ப நாளாகிவிட்டது. நீ ரேஞ்சில் நின்று குரல் கொடுப்பாய், நான் உன் தோளைப் பார்த்துக்கொண்டே அழுத்துவேன். நமக்குள் மிச்சமிருந்த பேச்சு அது ஒன்றுதான் என்று நினைத்தேன். அதையும் ஒரு மெஷினுக்குக் கொடுக்க எனக்குப் பிடிக்கவில்லை. மனதில் ஒரு மூலையில், எல்லாம் போதும், தோற்றாலும் பரவாயில்லை, வீட்டுக்கு வந்துவிடட்டும் என்றும் இருந்தது. வெட்கமாக இருக்கிறது. உன் பதினாறு வருட உழைப்பு எனக்குச் சொந்தமில்லை.

இன்று காலையில் பெட்டியைப் பிரித்து மைக்கைப் பூட்டிவிட்டேன். இரண்டு மணி நேர வேலை, அவ்வளவுதான். வெறும் ரேஞ்சில் நின்று நானே ஐந்து நிலையிலும் கத்திப் பார்த்தேன். கத்திய நொடியில் கிளே போகிறது.

இதை எழுதும்போதே அதையும் எழுதிவிடுகிறேன். ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பும் வழியில், காரில், "நான் சுட்டதாலயாங்க? அந்தச் சத்தத்தாலயா?" என்று ஒரே ஒரு தடவை கேட்டாய். கோயிலில் யாரோ அப்படிப் பேசியது உன் காதில் விழுந்திருந்தது. நான் அழாதே என்று மட்டும் சொன்னேன். இல்லை என்று சொல்லவில்லை. சொல்லாததை நீ ஆமாம் என்று எடுத்துக்கொண்டாய் என்பது எனக்கு அன்றே தெரிந்திருக்க வேண்டும். மெர்சி, டாக்டரம்மா என்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார்கள். தொப்புள்கொடி முடிச்சு விழுந்து இறுகியிருக்கிறது. உண்டானது தெரிந்த நாளிலிருந்தே நீ துப்பாக்கியைத் தொடவில்லை. சத்தத்துக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை, உங்கள் மனைவியிடம் சொல்லுங்கள் என்றார்கள். பாப்பா என்ற வார்த்தையை வாயில் எடுத்தால் உடைந்துவிடுவேன் என்று பயந்து நான் சொல்லாமலே விட்டுவிட்டேன். நீ விற்றுவிடலாம் என்று சொல்வது கண்ணுக்காக மட்டும் இல்லை என்று எனக்குத் தெரியும். இல்லை மெர்சி. நீ சுட்டதால் இல்லை. உன்னால் இல்லை. இரண்டு வருடம் கழித்துச் சொல்கிறேன், மன்னித்துவிடு.

இனி திங்கட்கிழமைக்கு வருகிறேன். ஞாயிறு பயிற்சியில் ஒரு சுற்று போதும். எண்ணிக்கையைப் பார்க்காதே. துப்பாக்கி கன்னத்தில் சேர்ந்து, தோள் நின்று, மூச்சு அடங்கிய பிறகு குரல் கொடு. அதற்கு முன்னால் கொடுக்காதே. மற்றவர்கள் அவசரப்படுத்துவதுபோல இருந்தாலும் கொடுக்காதே, விதியில் உனக்கு அதற்கு நேரம் இருக்கிறது. பின்னால் நான் இல்லை என்பதை ஒவ்வொரு நிலையிலும் ஒரு தடவை நினைத்துக்கொள். அணியில் இடம் கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும் சரி, துப்பாக்கியை விற்பதா வைப்பதா என்பதை உன் சொந்தச் சுற்று ஒன்றைச் சுட்டுப் பார்த்துவிட்டு முடிவு செய். நீ வேண்டாம் என்றால் லைசென்ஸ் காகிதத்தோடு நானே கூட வருகிறேன்.

மேக்னாவிடம் முறுக்கும் கடலை மிட்டாயும் கொடுத்திருக்கிறேன். அந்தப் பிள்ளைக்கும் கொடு. அங்கே காலையில் பனி என்கிறார்கள், தலைக்குத் துணி கட்டாமல் வெளியே போகாதே.

நவம்பர் இரண்டு கல்லறைத் திருநாள். போன இரண்டு வருடமும் நீ தலைவலி என்று படுத்துக்கொண்டாய். நான் கடைக்குப் போவதாகச் சொல்லிவிட்டுக் கல்லறைத் தோட்டத்துக்குப் போய், சின்னக் குழந்தைகள் பக்கம் ஒரு மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டு வந்தேன். நான் எங்கே போனேன் என்று உனக்கும் தெரிந்திருக்கும். கர்த்தர் உன் கையையும் கண்ணையும் காத்து, பத்திரமாக வீடு சேர்க்கட்டும். இந்த வருடம் மெழுகுவர்த்தி இரண்டாக வாங்கட்டுமா, மெர்சி? இதற்கு மட்டும் உனக்கு எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் நான் காத்திருக்கிறேன்.

என்றும் உன்,
பிரான்சிஸ்