உன் பாதித் தோட்டத்துக்குத் தண்ணீர்

அன்புள்ள பாப்பாவுக்கு அம்மா எழுதுவது. இங்கே அப்பாவும் நானும் எழுந்து நடமாடுகிறோம், இப்போதைக்கு அதையே நலம் என்று வைத்துக்கொள். நீயும் அங்கே வேளைக்குச் சாப்பிட்டு, ஆஸ்பத்திரியில் ராத்திரி டூட்டி முடிந்த பகலில் ஒழுங்காகத் தூங்கி, நல்லபடியாக இருக்க வேண்டும் என்பதுதான் காலையில் கண் விழித்ததும் எனக்கு வருகிற முதல் நினைப்பு. கையில் போன் இருக்கும்போது கடிதம் எதற்கு என்பாய். நம் வீட்டுப் போனைக் காதில் வைத்தால் ஒன்றும் கேட்பதில்லை, ஸ்பீக்கரில் போட்டாலோ கீழ்வீட்டுக்காரர்கள் வரைக்கும் கேட்கிறது, இரண்டே அறை உள்ள வீட்டில் அப்பா காதில் விழாமல் உன்னிடம் எதைப் பேசுவது. நீ கூப்பிடும்போதெல்லாம் அவர் பேப்பரை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார், ஒரு பக்கம்கூடத் திருப்ப மாட்டார். அப்பா எப்படி இருக்கிறார் என்று நீ என்னைக் கேட்பாய், நீ வைத்த பிறகு என்னவாம் என்று அவர் என்னைக் கேட்பார். அதனால்தான் லாண்டரியில் சாப்பாட்டு நேரத்தில், மடித்து வைத்த படுக்கை விரிப்புக் கட்டின்மேல் காகிதத்தை வைத்து இதை எழுதுகிறேன். கையெழுத்து கோணலாக இருந்தால் கட்டின்மேல் பழி போடு.

என் சேதி பெரிதாக ஒன்றுமில்லை. லாண்டரி கைமாறிவிட்டது. புது முதலாளி வந்ததும் முதல் வேலையாக இஸ்திரி மேஜைப் பக்கம் இருந்த ஸ்டூல்களை எடுத்துவிட்டார், உட்கார்ந்தால் வேலை மந்தமாக நடக்கிறதாம். நாள் முழுக்க நீராவியில் நின்றுவிட்டு வந்தால் நம் கட்டடத்தில் லிஃப்ட் வேறு ஓடவில்லை, படிக்கட்டு வளைவில் ஒவ்வொரு மாடியிலும் கொஞ்சம் நின்று, யார் வீட்டில் என்ன சண்டை என்று கேட்டுக்கொண்டுதான் மேலே ஏறுகிறேன். முட்டி வலிக்கு நீ அனுப்பிய மருந்தைத் தடவுகிறேன், தடவும்போது நன்றாக இருக்கிறது. அப்பாவுக்குத் தோள்பட்டைத் தையல் பிரித்தாகிவிட்டது, கை தலைக்கு மேலே போகவில்லை, மணிக்கட்டு இன்னும் முரண்டு பிடிக்கிறது. சாரத்திலிருந்து விழுந்த நாளிலிருந்து பெயிண்ட் வாளியைக் கையால் தொடவில்லை, ஆனால் வீட்டுக்குள் எந்தச் சுவரைப் பார்த்தாலும் ஏதோ முணுமுணுக்கிறார்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். நீ வேலைக்காக வெளியூர் கிளம்புமுன் டிவிக்கு அடியில் ஒரு விளையாட்டு மிஷினை வைத்து, அதில் ஒரு தோட்டம் போட்டு, இந்தப் பாதி உங்களுக்கு, அந்தப் பாதி எனக்கு, நான் அங்கிருந்தே வந்து விளையாடுவேன் என்று அப்பாவிடம் சொல்லிவிட்டுப் போனாயே. அப்போது அவர், முளைக்காத செடிக்கு யார் தண்ணீர் ஊற்றுவது என்று சிரித்துவிட்டுப் போனார். அதன்மேல் நான் துணியைப் போட்டு மூடி வைத்திருந்தேன். வீட்டுக்கு வந்து கைக்குப் பயிற்சி கொடுக்கும் பிசியோ பெண் ஒரு நாள் துணியைத் தூக்கிப் பார்த்து, பந்தைப் பிசையச் சொன்னால் அங்கிள் கோபித்துக்கொள்கிறார், இதன் பட்டன்களையாவது அமுக்கட்டும், விரல் இளகும் என்று போட்டுக் கொடுத்தாள். திரையில் பாதி நிலம் உழுது செடி வைத்திருந்தது, மீதி வெறும் புல்லும் கல்லும். இது யார் போட்டது என்று அப்பா கேட்டார். உங்கள் பொண்ணு போட்டது, அந்தப் பக்கம் காலியாகக் கிடப்பது உங்களுடையது என்றாள் அவள். அவருக்கும் உனக்கும் பேச்சு நின்றது அவளுக்குத் தெரியாது, பாவம். அப்பா அன்றைக்கு ரிமோட்டைத் தொடவில்லை. மறுநாள் நான் வேலை முடிந்து வந்தால், மனிதர் டிவிக்கு முன்னால் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்திருக்கிறார். நீ வைத்த தக்காளி எல்லாம் காய்ந்த மண்ணில் நிற்கிறது என்று என்னிடம் புகார் சொல்கிறார், நான்தான் தண்ணீர் ஊற்றாமல் விட்ட மாதிரி.

முதலில் பூவாளியால் ஒவ்வொரு செடிக்காகப் போய் ஊற்றிக்கொண்டிருந்தார். ஒரு செடிக்கு ஒரு அமுக்கு. ஓரத்தில் இருக்கும் பச்சைக் கோடு திரையில் அவருக்காக நடமாடும் பொம்மையின் தெம்பாம், ஊற்ற ஊற்றக் குறைந்துகொண்டே வந்து கடைசியில் பொம்மை வரப்பிலேயே மயங்கி விழுந்துவிடும். அதைப் பார்க்கும்போது எனக்கு என்னைப் பார்க்கிற மாதிரி இருந்தது. பிறகு அந்த விளையாட்டுக்குள்ளேயே இருக்கும் கொல்லனிடம் கொடுத்துப் பூவாளியைப் பெரிதாக்கினார், பட்டனை அமுக்கிப் பிடித்தால் ஒரே வீச்சில் ஒரு வரிசை நனைந்தது. தெம்பு மிச்சம், நேரமும் மிச்சம், ஆனால் அப்படி அமுக்கிப் பிடிப்பதுதான் அவர் விரலுக்கு ஆகவில்லை. தண்ணீர் மொள்ளக் குளத்துக்கு நடக்கும் தூரத்தைக் குறைக்கத் தன் செடிகளைக் குளக்கரைக்கே கொண்டுவந்தார். ஈரம் காக்கும் உரத்தை மண்ணில் கலந்து பார்த்தார், சில கட்டங்கள் மறுநாளும் ஈரமாக இருக்கும், சில இருக்காது, அதை நம்பி உட்கார முடியாது என்று விட்டுவிட்டார். அப்புறம்தான் பிசியோ பெண் ஸ்பிரிங்க்ளர் என்று ஒன்று இருப்பதைச் சொன்னாள். நட்டு வைத்துவிட்டால் விடிந்ததும் அதுவே ஊற்றிவிடுமாம். அதற்கு அங்கேயே இருக்கும் சுரங்கத்தில் இறங்கிச் செம்பும் இரும்பும் வெட்ட வேண்டும், வெட்டினார். ஆனால் சின்ன ஸ்பிரிங்க்ளர் தன்னைச் சுற்றி நாலு பக்கத்துக்கு மட்டும்தான் ஊற்றும், மூலைகள் காய்ந்து கிடக்கும். சுவருக்குச் சுவர், மூலைக்கு மூலை பிரஷ் ஓட்டிய பெயிண்டருக்கு அது எப்படிப் பொறுக்கும். ஒரு சாயங்காலம் வந்து பார்த்தால் சமையலறைத் தரையின் சதுரக் கல்மேல் மருந்துப் பாட்டில் மூடிகளைப் பரப்பி வைத்துக்கொண்டு குந்தியிருக்கிறார். நேர் வரிசையில் வைக்காமல் படிக்கட்டு மாதிரி கொஞ்சம் விலக்கி விலக்கி வைத்தால், ஒன்று விட்ட மூலையை அடுத்தது பிடித்துக்கொள்ளும், ஒரு கட்டம்கூட வீணாகாது என்று காட்டினார். நான் இரண்டு மூடியை மிதித்துவிட்டேன். நிஜத் தோட்டத்தையே மிதித்த மாதிரி பார்த்தார். ஆனால் விழுந்த பிறகு அவர் முகத்தில் அப்படி ஒரு களையை நான் பார்த்தது அன்றைக்குத்தான், அதனால் மூடிகளைத் தாண்டித் தாண்டி அடுப்பு வேலையைப் பார்த்தேன்.

அவருடைய பாதி முழுக்க ஸ்பிரிங்க்ளர் வந்துவிட்டது. தினமும் பார்க்கிறேன், அந்தப் பக்கம் ஒரு வேலையும் இல்லை, பறிப்பதோடு சரி. உன் பாதியில் மட்டும் இன்றைக்கும் பூவாளிதான். இதற்கும் போட்டுவிட்டால் என்ன, கை வலிக்கிறது என்கிறீர்களே என்று கேட்டேன். திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே சொன்னார்.

"அதுக்கும் போட்டுட்டா அந்தப் பக்கம் எனக்கு என்ன வேலை?"

உனக்குச் சேர வேண்டிய ஸ்பிரிங்க்ளர்களையும் அவர் செய்தே வைத்திருக்கிறார் பாப்பா, அந்தத் தோட்டத்தில் இருக்கும் உன் குட்டி வீட்டு வாசலில் ஒரு பெட்டியில் கிடக்கிறது, நான் என் கண்ணால் பார்த்தேன். நட மட்டும் மாட்டேன் என்கிறார்.

நீ அந்தத் தோட்டத்துக்கு வந்த ஞாயிற்றுக்கிழமையைப் பற்றி எழுத வேண்டும் என்றுதான் பேனாவை எடுத்தேன். மதியம், நான் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தேன். திரையின் ஓரத்தில் நீ வந்திருப்பதாக ஒரு வரி தெரிந்தது. அவர் கை அப்படியே நின்றுவிட்டது. மஞ்சள் பூட்ஸ் போட்ட உன் பொம்மை வீட்டைவிட்டு வெளியே வந்து, தக்காளி வரிசைக்குப் பக்கத்தில் நின்றது. இவருடைய பொம்மை பூவாளியோடு எதிரே நின்றது. அதில் எழுதிப் பேசலாமாமே, நீயும் எழுதவில்லை, இவரும் எழுதவில்லை. கொஞ்ச நேரம் கழித்து இவர் மெதுவாக வந்து உன் காலடியில் இருந்த செடிக்கு ஒரு தடவை தண்ணீர் ஊற்றினார், அது ஏற்கெனவே நனைந்த செடிதான். அவ்வளவுதான், நீ திரையில் இல்லை. கையில் ஈரத் துணியோடு நான் கதவருகே நின்றுகொண்டிருந்தேன். நெட் போயிருக்கும் என்றார். நெட்தான் போயிருக்கும் என்று மறுபடியும் சொன்னார். விளக்குப் போடும் நேரம் வரைக்கும் அணைக்காமல் வைத்திருந்தார், நீ வரவில்லை. அதற்குப் பிறகு நீ போனில் எத்தனையோ பேசினாய், அதைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. நெட்தான் போனதா? இல்லை என்றால் என்னிடமாவது சொல், நான் உன்னைத் திட்டப் போவதில்லை, திட்டுவதற்கு எனக்குத் தெம்பும் இல்லை.

அந்த வாரம் முழுக்க மனிதர் நாற்காலியைவிட்டு எழவில்லை. நீ மறுபடி வந்தால் தோட்டம் காய்ந்திருக்கக் கூடாது என்று நினைத்தாரோ என்னவோ, இன்னும் இரண்டு பாத்தி உழுது உன் பக்கத்தையே பெரிதாக்கிவிட்டார். மணிக்கட்டு வீங்கிப்போனது. பிசியோ பெண் வந்து பார்த்துவிட்டு, கொஞ்ச நேரம் விளையாடச் சொன்னால் நாளெல்லாம் விளையாடியிருக்கிறீர்கள், இப்படியே போனால் இந்தக் கை பிரஷ் பிடிக்காது அங்கிள் என்று முகத்துக்கு நேராகச் சொல்லிவிட்டாள். ரிமோட்டை என் கையில் கொடுத்துவிட்டுப் போனாள். அன்றிலிருந்து தோட்டக்காரி நான்தான். லாண்டரியில் நின்றுவிட்டு வந்து, சமைத்து, பாத்திரம் கழுவி, அப்புறம் உன் தக்காளிக்குத் தண்ணீர். அப்பா பக்கத்தில் உட்கார்ந்து மேஸ்திரி வேலை பார்க்கிறார். காலிக் கட்டத்தில் ஏன் ஊற்றுகிறாய், ஓரத்திலிருந்து வா, திரும்பி நட என்று ஓயாமல் வாய். ஒரு நாள் பூவாளி என்று நினைத்து மண்வெட்டியை எடுத்து உன் முட்டைக்கோஸ் ஒன்றைக் கொத்திவிட்டேன், மனிதர் கண்ணை மூடிக்கொண்டார். அன்றைக்கு எனக்கு அழுகையே வந்துவிட்டது, முட்டைக்கோஸுக்காக இல்லை, கால் வலி. அதைப் பார்த்தாரோ என்னவோ, மேஸ்திரி வேலையை நிறுத்திவிட்டார். பிறகு டிவியிடம் பேசுவது போலச் சொன்னார்.

"வார்டுல ஆள் கம்மியா இருந்திருக்கும். லீவு கேட்டிருப்பா, குடுத்திருக்க மாட்டாங்க."

அதைத்தானே ஆபரேஷன் அன்றைக்கு அவள் போனில் சொன்னாள், அங்கே இருக்கிறவர்களையே பார்த்துக்கொள், என்னைப் பார்க்க வர வேண்டாம் என்று நீங்கள்தானே சொன்னீர்கள் என்றேன். அவர் தன் மணிக்கட்டைத் தடவிக்கொண்டார்.

"அன்னைக்கு எனக்கு வலி."

அவ்வளவுதான் சொன்னார். உன் அப்பாவை உனக்குத் தெரியும், இதற்குமேல் அவர் வாயிலிருந்து வராது, இதுவே வந்தது எனக்கு ஆச்சரியம். நீயும் அவர் மகள்தான், உன் வாயிலிருந்தும் வராது. சுடச் சுடக் கேட்ட அந்தச் சொல் உனக்கு எவ்வளவு சுட்டிருக்கும் என்று எனக்குத் தெரியாமல் இல்லை, அங்கே நின்று அடுத்தவர்களின் அப்பாக்களுக்குக் கட்டு மாற்றிக்கொண்டே நீ எப்படி அந்த நாளைக் கழித்தாயோ. அவர் பக்கம் பேசவில்லை, உன் பக்கமும் பேசவில்லை. எனக்கு அலுத்துவிட்டது. நீ வந்து அந்தப் பெட்டியைத் திறந்து ஸ்பிரிங்க்ளர்களை உன் கையாலேயே நட்டுவிட்டால் எனக்கு ஒரு வேலை குறையும், அவர் கையும் பிழைக்கும். ஒன்றும் எழுத வேண்டாம், ஒன்றும் பேச வேண்டாம், நட்டால் போதும் என்று சொல்வதற்குத்தான் இவ்வளவு நீளம்.

இங்கே மணி அடித்துவிட்டார்கள், மிச்சத்தை வீட்டில் எழுதுகிறேன்.

வீட்டுக்கு வந்தாயிற்று. இதை மடித்து உறையில் போடலாம் என்று எடுத்தபோது அப்பா பார்த்துவிட்டார். பாப்பாவுக்கா என்று கேட்டார், ஆமாம் என்றேன், மறைத்து என்ன ஆகப் போகிறது. படிக்கக் கேட்கவில்லை. உள்ளே போனார், தண்ணீர் குடித்தார், திரும்ப வந்து நின்றார்.

"எழுதறதுன்னா ஒண்ணு சேத்துக்கோ. அங்க விடிஞ்சா மழைன்னு அந்தக் குட்டி வீட்டு டிவில போட்டிருக்கான். மழைன்னா யாரும் தண்ணி ஊத்த வேணாம். அவ வந்தா சும்மா நிக்கலாம்."

எனக்கு ஒன்றும் புரியவில்லை, பிறகு விளக்கினார். நாம் விளையாடினால்தான் அங்கே பொழுது நகருமாம். நேற்றே அந்த டிவி செய்தியைப் பார்த்துவிட்டுப் பொம்மையைப் படுக்க வைத்து மிஷினை அணைத்துவிட்டாராம், அதனால்தான் நேற்று என்னைத் தண்ணீர் ஊற்றக் கூப்பிடவில்லை. சரி, இன்றைக்கு நான் ஒரு தடவை திறந்து பார்க்கட்டுமா என்றேன். வேண்டாம், மழை போயிடும் என்றார்.

ஆக உன் தோட்டத்தில் மழை வாசலிலேயே நிற்கிறது. இங்கே மிஷினைத் திறந்து வைத்தால்தான் நீ அங்கிருந்து வர முடியும் என்கிறார், அதனால் எந்த நாள், எத்தனை மணிக்கு வருகிறாய் என்பதை அவரிடமே சொல். என்னிடம் சொல்லாதே, இந்த ஒன்றை மட்டும் நான் எடுத்துப் போய்ச் சொல்ல மாட்டேன். போன் அடித்தால் நான் மொட்டை மாடிக்குத் துணி எடுக்கப் போகிறேன்.

மெல்லிய செருப்போடு வார்டில் நிற்காதே, கெட்டியான அடிப்பாகம் வைத்த ஷூ வாங்கிக்கொள், என் முட்டியைப் பார்த்தாவது. டூட்டி முடிந்து பஸ்ஸில் தூங்கிப் போய்விடாதே. நீ தொடுகிறவர்கள் எல்லாம் பிழைத்து வீடு திரும்ப வேண்டும், உனக்கு ஒரு தலைவலிகூட வரக் கூடாது, இதுதான் எங்கள் இருவர் ஆசியும். இருவர் என்று தெரிந்தேதான் எழுதியிருக்கிறேன்.

எப்போதும் உன்,
அம்மா